அவசரம்னு எழுதின கவர்

கோட்டை மடிச்சு மடியில வச்சிருக்கீங்களே, அதான் கேட்டேன். வக்கீல்தானே தம்பி? நினைச்சேன். ஹைகோர்ட் ஸ்டாப்புல இறங்குவீங்க. நானும் அங்கதான் டிக்கெட் எடுத்திருக்கேன், இந்தா பாருங்க. டிக்கெட் கொடுக்கும்போது கண்டக்டர் என்னைப் பார்த்துச் சிரிச்சாரே, கவனிச்சீங்களா? அதுக்கு ஒரு காரணம் இருக்கு, சொல்றேன். இந்தப் பையா? வேண்டாம் தம்பி, மேல வைக்க வேண்டாம். மடியிலயே இருக்கட்டும்.

என் பேரு நாச்சியப்பன். யுனிவர்சிட்டி பரீட்சைப் பிரிவுல இருந்து ரிடையர் ஆனவன். எந்த யுனிவர்சிட்டின்னு கேக்காதீங்க, முப்பத்திரண்டு வருஷம் சோறு போட்ட இடம். மறுமதிப்பீட்டு செக்ஷனுக்கு சூப்பிரண்டென்ட். பேப்பர் திருத்தினது சரியில்லைன்னு பிள்ளைங்க பணம் கட்டி அப்ளிகேஷன் போடுதுல்ல, அந்த விடைத்தாளைத் தேடி எடுத்துக் கட்டுக் கட்டி, வேற ஒரு வாத்தியாருக்கு அனுப்பித் திருத்தி வாங்கணும். அதான் எங்க வேலை. என்னைப் பத்தி யார்கிட்ட வேணும்னாலும் கேட்டுப் பாருங்க, ஒரு வார்த்தை தப்பாச் சொல்ல மாட்டாங்க. மொத்த சர்வீஸ்ல ஒரே ஒரு மெமோ. தொண்ணூத்தெட்டுல. ஒரு கட்டுல ஒரு தாள் குறைவா அனுப்பிட்டேன்னு கொடுத்தாங்க. அன்னைக்கு முடிவு பண்ணினேன், இனிமே குறைஞ்ச கட்டு என் செக்ஷன் வாசலைத் தாண்டாதுன்னு. தாண்டினதில்லை தம்பி. அந்த ஒரு விஷயத்துல நான் கொஞ்சம் கண்டிப்பு.

உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். சட்டப்படி இல்லை, சும்மா மனுஷனுக்கு மனுஷனாக் கேக்கறேன். ஒருத்தருக்கு நல்லது பண்ணணும்னு ஒரு காரியம் செய்யறோம். அது வேற மாதிரி ஆயிடுது. அதுக்கு அந்த ஆள்தான் பொறுப்புன்னு சொல்ல முடியுமா? இருங்க இருங்க, இப்பவே சொல்லாதீங்க. முழுசாக் கேட்டுட்டுச் சொல்லுங்க.

ஒரு ஜூலை மாசம். கோகிலவாணின்னு ஒரு புள்ள வந்துச்சு. பி.எஸ்ஸி. கெமிஸ்ட்ரி, கடைசி வருஷம். எல்லாப் பேப்பர்லயும் பாஸ், பிசிகல் கெமிஸ்ட்ரில மட்டும் எழுபத்தஞ்சுக்குப் பத்தொன்பது. முப்பது எடுத்தா பாஸ். அழலை, சண்டை போடலை. பச்சைக் கலர்ல ஒரு பை, அதுக்குள்ள ஒரு டிபன் பாக்ஸ், ஒரு ஃபைல். "சார், நான் ரெண்டு அடிஷனல் ஷீட் வாங்கி எழுதினேன் சார். அதைத் திருத்தவே இல்லைன்னு நினைக்கறேன்"ன்னு சொல்லுச்சு. அப்பா கிடையாது. அம்மா சத்துணவுக் கூடத்துல சமையல். ஓசூர்ப் பக்கம் மருந்துக் கம்பெனி ஒண்ணுல லேப் வேலைக்கு எடுத்துட்டாங்க, லெட்டர் கையில இருக்கு. செப்டம்பர் முதல் தேதி மார்க் ஷீட்டோட வந்து நிக்கணும், இல்லைன்னா அடுத்த ஆளு. லெட்டரை என்கிட்ட நீட்டுச்சு. அது நீட்டின விதம் இருக்கே, இப்பவும் கண்ணுக்குள்ளயே நிக்குது. ரெண்டு கையாலயும் பிடிச்சுக்கிட்டு, கோயில்ல தட்டை நீட்டற மாதிரி.

எனக்கும் ஒரு மக இருக்கா தம்பி. மனசு கேக்கலை. அப்ளிகேஷன் போட்டவங்க அந்தப் பேப்பர்ல மட்டும் இருபத்திநாலு பேர். வரிசைப்படிதான் எடுக்கணும். நான் என்ன செஞ்சேன், நானே ஸ்டோர் ரூமுக்குப் போனேன். அரை நாள் தேடி அந்தப் புள்ளயோட விடைத்தாளை எடுத்துட்டு வந்தேன். அது சொன்னது நிஜம்தான், ரெண்டு அடிஷனல் ஷீட் நூலோட தொங்குது, சிவப்பு மையே படலை. ஒரு காக்கிக் கவர்ல போட்டு, அது முன்னாடியே "அவசரம்"னு கொட்டை எழுத்துல எழுதினேன். "கட்டுல உன்னோடதுதாம்மா முதல்ல மேல இருக்கும், கவலைப்படாமப் போ"ன்னு சொன்னேன். அப்பத்தான் முதல் தடவையாச் சிரிச்சுச்சு. "மேலயே இருக்குமா சார்?"னு கேட்டுச்சு. "நான் இருக்கேன்ல"ன்னேன்.

யார் செய்வா சொல்லுங்க? எந்த ஆபீஸ்ல செய்வாங்க?

மறுநாள் எனக்குக் கண் ஆபரேஷன், புரை எடுத்தாங்க. ரெண்டு வாரம் லீவு. திரும்பி வந்தா, என் செக்ஷன்ல இருந்த சகாயராணின்னு அசிஸ்டென்ட் பொண்ணு வேலையெல்லாம் முடிச்சு வச்சிருக்கு. நல்ல சுறுசுறுப்பு. இதுல ஒரு முறை இருக்கு தம்பி. தாளைத் திருத்தறவருக்கு யாரோடதுன்னு தெரியக் கூடாது. அதனால பேரையும் ரிஜிஸ்டர் நம்பரையும் மறைச்சுட்டு, ஒண்ணு ரெண்டு மூணுன்னு ரகசிய நம்பர் போட்டுடுவோம். எந்த நம்பர் யாருங்கற லிஸ்டை ஒரு கவர்ல போட்டு அரக்கு வச்சு சீல் பண்ணிடணும். மார்க் வர்ற வரைக்கும் யாரும் பிரிக்கக் கூடாது. நான்கூட. அந்தப் பொண்ணு அப்ளிகேஷனைப் பார்த்து இருபத்திநாலு நம்பர் போட்டு, லிஸ்டை சீல் வச்சு, அப்புறம் தாள்களை எண்ணிக் கட்டியிருக்கு. எண்ணினா இருபத்திமூணு. பதினேழாம் நம்பர் தாள் இல்லை.

"சார், ஒண்ணு குறையுது சார்"னு வந்து நின்னா. எனக்குத் தொண்ணூத்தெட்டு ஞாபகம் வந்துடுச்சு. "யார்கிட்டயும் சொல்லாதே, தேடுவோம்"னேன். ஸ்டோர் ரூமைப் புரட்டிப் போட்டோம். பழைய கட்டெல்லாம் பிரிச்சோம். வேற காலேஜ் கட்டுக்குள்ள சொருகியிருக்கான்னு பார்த்தோம். ஆகஸ்ட் பூரா தேடினோம். "சார், மத்த இருபத்திமூணையாவது அனுப்பிடலாமே"ன்னு ஒரு நாள் சகாயராணி கேட்டா. "குறைஞ்ச கட்டு போகாது"ன்னுட்டேன். "அப்ப சீலைப் பிரிச்சு பதினேழு யாருன்னு பார்த்துட்டா, எந்த காலேஜ்னு தெரிஞ்சு தேட வசதியா இருக்குமே சார்"ன்னா. எனக்குக் கோபம் வந்துடுச்சு. அரக்கு சீல் தம்பி! அதை நடுவுல பிரிச்சவன்னு ஒரு பேரு எனக்குத் தேவையா?

அந்தப் புள்ள செவ்வாய்க்கிழமை செவ்வாய்க்கிழமை வரும். வெளி பெஞ்சுல உக்காந்திருக்கும். நான் உள்ளயிருந்து வந்தா எந்திரிச்சு நிக்கும். என் முகத்தைப் பார்க்காது. கையைத்தான் பார்க்கும். கையில பேப்பர் இருக்கா, கவர் இருக்கான்னு. நான் டீக் குடிக்கப் போனாலும் கையைப் பார்க்கும். பாத்ரூம் போயிட்டு வந்தாலும் கையைப் பார்க்கும். "வந்துடும்மா, உன்னோடது மேலதான் இருக்கு"ன்னு சொல்லுவேன். பொய் சொல்லலை. என் மனசுல அந்தக் கவரை எடுத்துக் கட்டுக்கு மேல நானே வச்ச மாதிரிதான் இருந்துச்சு. ஒரு ஆளோட தாள் தொலைஞ்சு போச்சு, பாவம், யாரோ ஒரு பதினேழு. அந்தப் பதினேழால இந்தப் புள்ளைக்கும் தாமதமாகுதேன்னு எனக்கு வருத்தம். பதினேழு மேல எரிச்சல்கூட வந்துச்சு தம்பி, உண்மையைச் சொல்றேன்.

செப்டம்பர் ஒண்ணு வந்துச்சு, போச்சு. அந்த வாரச் செவ்வாய்க்கிழமையும் வந்துச்சு அந்தப் புள்ள. "கம்பெனில பதினஞ்சு நாள் டயம் கேட்டிருக்கேன் சார்"ன்னுச்சு. பதினஞ்சு நாளும் போச்சு. அப்புறம் டயம் கேட்டதாச் சொல்லலை. ஆனா பெஞ்சுக்கு வர்றதை நிறுத்தலை.

மேலூர் வந்துடுச்சா? பூ வேணுமான்னு கேக்குது பாருங்க அந்தம்மா. வேண்டாம்மா.

அக்டோபர்ல பதினோரு பிள்ளைங்க சேர்ந்து ஹைகோர்ட்ல ரிட் போட்டுட்டாங்க. முப்பது நாள்ல முடிக்க வேண்டியதை மூணு மாசமா வச்சிருக்காங்கன்னு. முதல் பேரே கோகிலவாணி. எனக்கு எப்படி இருந்திருக்கும்னு யோசிச்சுப் பாருங்க. அவ்வளவு உதவி பண்ணியிருக்கேன், என் செக்ஷன் மேலயே கேஸ். வீட்டுக்காரிகிட்டச் சொல்லிப் புலம்பினேன். "நன்றிகெட்ட உலகம்"னு சொன்னேன். அவ காபி கொடுத்தா.

கேஸ் அன்னைக்கு அந்தக் கட்டையும், சீல் வச்ச லிஸ்டையும் எடுத்துக்கிட்டுப் போனேன். எங்க யுனிவர்சிட்டி வக்கீல் எந்திரிச்சு, ஒரு தாள் கிடைக்கலை, அதான் தாமதம்னார். "ஒரு தாளுக்காக இருபத்திமூணு பேரையும் நிறுத்தி வச்சீங்களா?"ன்னார் ஜட்ஜ். சத்தம் போட்டுக் கேக்கலை. அதான் பயமா இருந்துச்சு. "அந்தப் பதினேழாம் நம்பர் யாருன்னு இப்பவே பிரிச்சுப் பாருங்க"ன்னார். அரக்கு உடையற சத்தம் எனக்குக் கேட்டுச்சு தம்பி. வக்கீல் லிஸ்டுல விரல் வச்சு ரிஜிஸ்டர் நம்பரைப் படிச்சார், பேரையும் படிச்சார்.

கோகிலவாணி.

அந்தப் புள்ள அந்தப் பக்கம் சுவரோரமா நின்னுக்கிட்டிருந்துச்சு. பேரைக் கேட்டதும் திரும்பி என் கையைப் பார்த்துச்சு. காலிக் கை.

எனக்கு அப்பத்தான் உறைச்சுச்சு. சாயங்காலம் ஆபீஸ் பூட்டற நேரத்துக்கு ஓடினேன். என் மேசையில இடது பக்கம் அடி ட்ராயர். சர்க்கரை மாத்திரை, கண்ணாடிக் கூடு எல்லாம் அதுலதான். தினம் நாலு தடவை திறந்து மூடற ட்ராயர். அடியில பழைய தினசரியை விரிச்சிருப்பேன். அதைத் தூக்கினேன். பத்திரமா இருக்கட்டும்னு நானே அதுக்குக் கீழ வச்சிருக்கேன். காக்கிக் கவர். அவசரம். என் கையெழுத்து.

மூணு மாசம் தம்பி. அது மேலதான் நான் மாத்திரையை வச்சுக்கிட்டிருந்தேன்.

மறுநாள் காலையில அட்டெண்டரைக் கூப்பிட்டு பீரோவை நகர்த்தச் சொன்னேன். பின்னாடி சுவரோரமாத் தாள் கிடந்துச்சு. கிடந்துச்சுன்னா... கிடந்துச்சு. கவர் இல்லாமத் தாள் மட்டும். "கிடைச்சிடுச்சு!"ன்னு எல்லாரும் கை தட்டினாங்க. சகாயராணிக்கு அழுகையே வந்துடுச்சு சந்தோஷத்துல. கட்டுக் கட்டினது அவங்கறதால அவளுக்கு ஒரு மெமோ வந்துச்சு. ஒரு இன்க்ரிமென்ட் நிறுத்தினாங்க. சின்ன வயசு, அதெல்லாம் சரியாப் போயிடும். தங்கமான பொண்ணு. என் ரிடையர்மென்ட் அன்னைக்கு சால்வை போட்டதே அவதான்.

ஒரே வாரத்துல திருத்தி வந்துச்சு. அம்பத்திரண்டு! பத்தொன்பதுக்கு அம்பத்திரண்டு. எனக்குத்தான் முதல்ல தெரியும். ஓடிப் போய் வெளியில பார்த்தேன். பெஞ்சு காலி. அன்னைக்குச் செவ்வாய்க்கிழமைதான். வரலை. அதுக்கப்புறம் வரவே இல்லை.

தப்பு நேர்ந்துச்சு, திருந்திடுச்சு, மார்க் வந்துடுச்சு. அதோட முடிஞ்சு போகணும்ல? முடியலை தம்பி. வீட்டுல ஹால்ல ஒரு பிளாஸ்டிக் சேர் கிடக்கு. நான் ரூமை விட்டு வெளிய வந்தா, அதுல இருந்து ஒரு ஆளு எந்திரிக்கிற மாதிரி இருக்கும். பட்டப்பகல்ல. முகம் தெரியாது. என் கையைப் பார்க்கறது மட்டும் தெரியும். அதனால நான் வெறுங்கையோட ரூமை விட்டு வர்றதில்லை. பேப்பரோ, தண்ணிச் செம்போ, ஏதாவது ஒண்ணு கையில இருக்கும். "எதுக்கு எப்பப் பார்த்தாலும் எதையாவது தூக்கிக்கிட்டுத் திரியறீங்க?"ம்பா வீட்டுக்காரி. பேத்தி பிறந்தப்ப ஆஸ்பத்திரில போய்ப் பார்த்தேன். ஒரு நாள் குழந்தை, கண்ணைத் திறந்துச்சு. எங்கயோ பார்க்கும்ல, அந்த வயசுல. அது என் கையைப் பார்க்குதுன்னு எனக்குப் பட்டுச்சு. வெளிய வந்துட்டேன்.

இன்னொண்ணு இருக்கு. அதைத்தான் கேக்கணும்னு நினைச்சேன்.

புது மார்க் ஷீட் அடிச்சு காலேஜுக்கு அனுப்பினோம். அந்தப் புள்ள போய் வாங்கலை. திருப்பூர்ல பனியன் கம்பெனில சேர்ந்துடுச்சுன்னு சொன்னாங்க. ஆறு மாசம் பார்த்துட்டு, யாரும் வாங்காததையெல்லாம் கட்டி எங்களுக்கே திருப்பி அனுப்பிட்டாங்க. நான் ரிடையர் ஆகப் பத்து நாள் இருக்கு. அந்தக் கட்டுல அந்தப் புள்ளயோட மார்க் ஷீட்டைப் பார்த்தேன். இதை ரேக்குல போட்டா எங்கயாவது மாட்டிக்கும். வந்து கேட்டா தேடிக்கிட்டு நிப்பாங்க. அதனால தனியா எடுத்து வச்சேன். நம்ம கையாலயே கொடுக்கணும்னு ஒரு ஆசை. அந்தக் காக்கிக் கவரும் ட்ராயர்லயே இருந்துச்சு, அதுலயே போட்டேன். ரிடையர்மென்ட் அன்னைக்கு மாலை, சால்வை, குத்துவிளக்கு எல்லாம் பையில போட்டுக் கொடுத்தாங்க. அதோட இதுவும் எப்படியோ வீட்டுக்கு வந்துடுச்சு.

ஆமா தம்பி. இந்தப் பையிலதான் இருக்கு. ரெண்டு வருஷமா.

அந்தப் புள்ள திரும்பி வந்திருக்கு. இப்ப மேலூர்ல ஒரு ஜவுளிக்கடையில நிக்குதாம். டிகிரி சர்டிபிகேட் வாங்கணும்னா எல்லா மார்க் ஷீட்டும் வேணும். காலேஜுல கேட்டா யுனிவர்சிட்டிக்கு அனுப்பிட்டோம்னாங்க. யுனிவர்சிட்டில கேட்டா, ரிஜிஸ்டர்ல வரவு இருக்கு, தாளைக் காணோம்னாங்க. டூப்ளிகேட் வேணும்னா போலீஸ்ல, நான் தொலைச்சுட்டேன், கண்டுபிடிக்க முடியலைன்னு எழுதிக் கொடுத்து சர்டிபிகேட் வாங்கிட்டு வாம்மான்னாங்க. அந்தப் புள்ள என்ன சொல்லுச்சு தெரியுமா? "நான் வாங்காததை எப்படி சார் தொலைச்சேன்னு எழுதுவேன்?"

எழுத மாட்டேன்னுடுச்சு. மறுபடியும் ரிட் போட்டுடுச்சு. இந்தத் தடவை தனி ஆளா. அங்க இப்ப பொறுப்பு சூப்பிரண்டென்ட் யாரு தெரியுமா? சகாயராணி. அவதான் பதில் சொல்லணும். போன மாசம் போன் பண்ணினா. "சார், அந்தக் கட்டை நீங்கதானே பிரிச்சீங்க, ஏதாவது ஞாபகம் இருக்கா சார்? எனக்குத் தூக்கமே இல்லை சார்"ன்னா. "தேடும்மா, அங்கதான் இருக்கும்"னேன். வாயில அதான் வந்துச்சு.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் தேதி பார்த்து இந்த பஸ்ஸுல ஏறுவேன். கோர்ட்டுக்குத்தான் டிக்கெட் எடுப்பேன். ஸ்டாப் வரும். நிழற்குடையில அந்தப் புள்ள உக்காந்திருக்கும், அந்தப் பச்சைப் பையை வச்சுக்கிட்டு. வக்கீல் வர்ற வரைக்கும் அங்கதான் இருக்கும்போல. பஸ்ஸை விட்டு இறங்கறவங்க ஒவ்வொருத்தர் கையையும் பார்க்கும். நான் எந்திரிக்கறதுக்குள்ள விசில் அடிச்சுடுவாங்க. அடிச்சுடுவாங்கன்னா... நான் எந்திரிக்கறதில்லை. மாட்டுத்தாவணி பஸ் ஸ்டாண்டுல இறங்கி, அடுத்த பஸ் பிடிச்சு வீட்டுக்குப் போயிடுவேன். அதுக்குத்தான் கண்டக்டர் சிரிக்கறார். அஞ்சு தடவை ஆச்சு. "பெரியவரே, இன்னைக்காவது இறங்குவீங்களா?"ன்னு போன தடவை கேட்டுட்டார்.

ஒத்தக்கடை தாண்டிட்டோம். தம்பி, நீங்க அங்கதானே இறங்கறீங்க. ஒரு உபகாரம் பண்ணுங்க. இந்தாங்க, இதை அந்தப் புள்ளகிட்டக் கொடுத்துடுங்க. பச்சைப் பை, உங்களுக்கே தெரியும். யார் கொடுத்தான்னு கேட்டா ஆபீஸ்ல இருந்துன்னு சொல்லுங்க. இல்லை, பஸ்ஸுல கிடந்துச்சுன்னு சொல்லுங்க. கிடந்துச்சுன்னா நம்புவாங்க.

கவரை மாத்தியிருக்கலாம்தான். புதுக் கவர் வீட்டுல இருக்கு. நாலு தடவை எடுத்தேன், மாத்த வரலை. இந்த எழுத்து அந்தப் புள்ளைக்குத் தெரியும். அது கண்ணு முன்னாடிதான் எழுதினேன்.

என்ன தம்பி, கையைப் பின்னாடி இழுத்துக்கறீங்க? பிடிங்க. வக்கீல்தானே நீங்க, நல்ல பிள்ளையாத்தானே இருக்கீங்க. ஸ்டாப் வந்துடுச்சு, பிரேக் போடறான் பாருங்க. பிடிங்களேன். நானே கொடுக்கணுமா? நான் என்னன்னு சொல்லிக் கொடுக்கறது? மூணு மாசம் இதை மாத்திரைக்கு அடியில வச்சிருந்தேம்மான்னா? அப்புறம் ரெண்டு வருஷம் சால்வையோட சேர்த்து வச்சிருந்தேம்மான்னா? உனக்கு நல்லதுதான் பண்ணினேன்னா?

அதோ. அதோ உக்காந்திருக்கு. இந்தப் பக்கம் ஜன்னல் நேருக்கு. இளைச்சுப் போச்சு தம்பி.

எந்திரிச்சுடுச்சு. ஏன் எந்திரிக்குது? யார் கையைப் பார்க்குது?

என் கை. கவரை இப்படி ஜன்னலோரமாப் பிடிச்சுக்கிட்டிருக்கேன், எழுத்து வெளிப் பக்கம். படிக்குது. வாய் அசையுது பாருங்க, படிக்குது. அய்யோ, தம்பி, இப்ப முகத்தைப் பார்க்குது. என் முகத்தைப் பார்க்குது.

காலை மடக்குங்க. வழி விடுங்க தம்பி. கண்டக்டர், விசில் அடிச்சுடாதீங்க, ஆள் இறங்கணும்.